நாற்காலிக்குப் பின்னால்

தம்பியின் தலை வலப்பக்கம் சாய்ந்தது.

காது காத்திருந்தது.

அவள் நாற்காலிக்குப் பின்னால் நின்றாள். இருபத்தைந்து வருடங்களாக நின்ற அதே இடம். உட்கார்ந்திருக்கும் ஆள்தான் மாறியிருந்தார். பதினாறு நாளைக்கு முன்புவரை அப்பா.

காரியம் முடிந்த கையோடு தாய்மாமன் தம்பி தலையில் உருமா கட்டிவிட்டார். சிவப்புப் பட்டுத் தலைப்பாகை. அரண்மனைக்கு இனி அவன்தான் ராஜா. முடிச்சு இறுகுவதற்குள் மாவட்டச் செயலாளர் எழுந்து வந்து கட்சித் துண்டை அவன் தோளில் போட்டார். தொகுதிக்கும் இனி அவன்தான்.

கருமாதிப் பந்தலில் இரண்டு பட்டாபிஷேகம்.

மதியம் மூன்று மணிக்கு மனுத்தாக்கல் முடிகிறது. இன்றுதான் கடைசி நாள். அதற்குள் ஊர் ஊராக வந்தவர்கள் புது ராஜாவுக்குத் துண்டு போட்டுவிட வேண்டும். வரிசை வாசலைத் தாண்டி நின்றது.

முதல் ஆள் நெருங்கிவிட்டார்.

"அக்கா, யாரு இது?" தம்பி உதடு அசையாமல் கேட்டான்.

யாரென்று அவளுக்குத் தெரியும். மேலக்கூத்தன்குடி ஆண்டிக்காளை. போன மழையில் கண்மாய்க் கரை உடைந்து நாலு ஏக்கர் நெல் போனது. மூத்த மகளுக்கு இரண்டாவதும் குறைப்பிரசவம். வலது காது மந்தம்.

தம்பிக்கு என்ன தெரியும்? சென்னையில் ஓட்டல் நடத்தத் தெரியும். தொகுதியில் எத்தனை கண்மாய் என்று கேட்டால் போனைத் தடவுவான்.

அப்பாவும் அப்படித்தான் ஆரம்பித்தார்.

ஜமீன் போய் நாற்பது வருடம் ஆகியிருந்தது. முதல் தேர்தலில் அவர் ஓட்டே கேட்கவில்லை. ஜீப்பில் நின்று கையை மட்டும் தூக்கினார். சனம் கும்பிட்டுக்கொண்டே போய்க் குத்தியது. இரண்டு முறை ஜெயித்தார். மூன்றாம் முறை மேலக்கூத்தன்குடியில் ஜீப்பை நிறுத்தி ஒருவரிடம், "உங்கய்யா சௌக்கியமா?" என்று விசாரித்தார். அந்த அய்யா செத்து மூன்று வருடமாகியிருந்தது. அரண்மனையிலிருந்து ஒரு மாலைகூடப் போகவில்லை. அந்த ஊர்ப் பெட்டி மொத்தமும் எதிராளிக்கு விழுந்தது. சுற்றுப்பட்டு ஊர்களும் அதையே செய்தன.

தோற்ற அன்றுதான் அவருக்கு மகள் இருப்பது நினைவுக்கு வந்தது.

"பின்னால வந்து நில்லும்மா" என்றார்.

நின்றாள். அவள் காதில் சொன்னாள். அவர் வாயால் சொன்னார். அதன்பிறகு நாலு முறை தொடர்ந்து ஜெயித்தார். சட்டசபையில் அவர் கேட்ட கேள்வியெல்லாம் அவள் எழுதிக் கொடுத்தது. ராஜாவுக்கு என்ன ஞாபகசக்தி என்று ஊரே மெச்சியது. வந்த மாப்பிள்ளைகளெல்லாம் காத்திருந்து சலித்துப் போனார்கள். மேடையில் ஒருநாளாவது மகள் பெயரைச் சொன்னாரா அந்த மனுஷன்?

ஆஸ்பத்திரியில் கடைசி வாரம், "தொகுதியைப் பாத்துக்கோ" என்று அவளிடம்தான் சொன்னார். தம்பிக்கு சீட் கேட்டு எழுதிய கடிதம் அப்போதே கட்சித் தலைமைக்குப் போய்விட்டிருந்தது. அந்த ஒரு கடிதத்தை மட்டும் அவளை எழுதச் சொல்லவில்லை.

செத்தவரை வையக் கூடாது என்று பதினாறு நாளாகப் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள். இப்போது வைதாள். மனசுக்குள், வாய் நிறைய.

மாவட்டச் செயலாளர் சிரித்தார். "நாச்சியாரம்மா இருக்கயில தம்பிக்கு என்ன கவல? அவங்க கூடவே நின்னு பாத்துக்கிருவாங்க."

கூடவே.

நின்னு.

அவளுக்கு உச்சந்தலை வரை எரிந்தது.

நாற்காலியைச் சுற்றிக்கொண்டு முன்னால் வந்தாள். மொத்தம் நாலு எட்டுதான்.

"ஆண்டிக்காளையண்ணே, நான் சுயேச்சையா நிக்கப் போறேன்."

அவரை அண்ணே என்று அந்த அரண்மனையில் யாரும் கூப்பிட்டதில்லை. சத்தமாகவே கூப்பிட்டாள். வாசல் வரை கேட்டது.

"அக்கா!" என்றான் தம்பி. மாமா செருமினார். செயலாளர் அவசரமாகப் போனை எடுத்தார்.

கைப்பையிலிருந்து படிவத்தை வெளியே எடுத்தாள். தம்பி பெயர் இருந்த வேட்பாளர் பட்டியலை டி.வி.யில் பார்த்த அன்றே நிரப்பியது. மூன்று நாளாகத் துணிச்சல் வராமல் பைக்குள் கிடந்தது. கட்சி ஆளுக்கு முன்மொழிய ஒருவர் போதும். சுயேச்சைக்குப் பத்துப் பேர் வேண்டும். அந்தப் பத்துக் கட்டங்கள் மட்டும் காலியாக இருந்தன.

"இதுல கையெழுத்துப் போட ஆளு வேணும். தொகுதிக்காரங்களா இருக்கணும். யாரு போடுறீங்க?"

வரிசை அசையவில்லை. அவளைப் பார்த்தது. உருமாவைப் பார்த்தது. பிறகு தரையைப் பார்த்தது.

இருநூறு பேருக்கு மேல் இருப்பார்கள். ஒவ்வொருவர் பெயரும் அவளுக்குத் தெரியும். பிள்ளைகள் பெயரும் தெரியும். இவர்களில் ஒருவருக்காவது தன் பெயர் தெரியுமா என்று அப்போதுதான் யோசித்தாள். நாச்சியார் என்பது பெயரில்லை, அரண்மனைப் பெண்ணுக்கான பட்டம்.

அவர்கள் மீதும் கோபம் வந்தது. யாரையும் விட்டுவைக்காத கோபம்.

ஆண்டிக்காளை கையிலிருந்த புதுத் துண்டை உதறினார். நாற்காலிப் பக்கம் அவர் திரும்பவில்லை. துண்டைத் தன் தோளிலேயே போட்டுக்கொண்டார்.

"எனக்கு எழுதத் தெரியாது தாயி. கைநாட்டு செல்லுமா?"

"செல்லும்ணே. ஆபீசர் முன்னால வெக்கணும். வண்டியில ஏறுங்க."

அவர் வண்டியை நோக்கி நடந்தார்.

அவள் வரிசையின் பக்கம் திரும்பினாள்.

"இன்னும் ஒம்பது பேரு."