வெறுங்காலால் விதைத்த முற்றம்

அவள் சப்பாத்தைக் கழற்றினாள்.

பிறகு காலுறையையும்.

நவம்பர் மாதம். வாயைத் திறந்தால் புகை வருகிற குளிர். நாளை மறுநாள் பனி கொட்டும் என்று கைப்பேசி சொல்கிறது. இந்த நேரத்தில் ஸ்காபரோவில் புத்தியுள்ள எவரும் வீட்டு முற்றத்தில் வெறுங்காலோடு நிற்பதில்லை.

யோகமலர் நின்றாள்.

விதையைத் தூவியபின் காலால் மிதிக்கவேண்டும் என்று விதைப் பக்கற்றில் எழுதியிருந்தது. மண் போட்டு மூடக்கூடாதாம். வெளிச்சம் பட்டால்தான் முளைக்குமாம். குளிர்காலம் முழுக்க அப்படியே கிடந்து, வசந்தத்தில் தானாக எழும்புமாம்.

மிதிக்கலாம். ஆனால் சப்பாத்துக் காலால் விதையை மிதிக்க அவளுக்கு மனம் வருமா?

ருட்பெக்கியா. பெயர் வாயில் நுழையாவிட்டாலும் பூ மனதில் நுழைந்துவிட்டது. மஞ்சள் முகம், நடுவில் கறுப்புப் பொட்டு. பஸ் தரிப்பிடத்துக்குப் பக்கத்து வீட்டில் அது பூத்து நின்றதைப் பார்த்துக்கொண்டே இரண்டு பஸ்ஸைத் தவறவிட்டிருக்கிறாள்.

விதை எள்ளைவிடச் சிறியது. கீரை விதைப்பதுபோல மணலோடு கலந்து தூவினாள். வாசற்படியிலிருந்து நடைபாதை வரை, கார் நிற்கும் சீமெந்து ஓரம் வரை, ஒரு சாண் விடவில்லை. ஒரு கிழமையாகப் புல்லைக் கிளறி எடுத்து அவளே பண்படுத்திய நிலம்.

கதவு திறந்தது. தேத்தண்ணிக் கோப்பையோடு தில்லைநாதன் தலையை மட்டும் வெளியே நீட்டினார். அவளுடைய புருஷன். சுன்னாகத்து மிளகாய்த் தோட்டக்காரரின் மூத்த மகன்.

"ஆடிப்பட்டம் தேடி விதை எண்டுதான் கேள்விப்பட்டிருக்கிறன். பனிப்பட்டம் எண்டு ஆரும் சொல்லேல்ல."

போன வருடம் அவர் பேச்சைக் கேட்டுத்தான் செய்தாள். செப்டெம்பர் வெயிலில் பாத்தி கட்டி, விதையை விரலால் ஆழ அமுக்கி, காலையும் மாலையும் தண்ணீர் வார்த்தாள். முளைத்தது நாலே நாலு. முதல் உறைபனி நாலையும் கருக்கிவிட்டது. பழியை விதைக் கடைக்காரன் தலையில் போட்டுவிட்டு அவர் நிம்மதியாக இருந்தார்.

இந்த முறை அவளுக்குச் சந்தேகமே இல்லை. விதை முளைக்கும்.

அவள் இங்கே இருப்பாளா என்பதுதான் கேள்வி.

வீட்டை விற்பதென்று தில்லைநாதன் முடிவெடுத்து மூன்று கிழமை. மகன் விமானத்தில் நாலு மணி நேரத் தூரத்தில், கல்கரியில் இருக்கிறான். அவனுக்குப் பக்கத்தில் ஒரு அடுக்குமாடியில் போய் இருந்தால் முழங்காலுக்குப் படி இல்லை, பனி வழிக்கிற வேலை இல்லை. நியாயம்தான். ஆனால் அவளிடம் கேட்டார் என்று சொல்லமுடியாது. சொன்னார்.

போக விருப்பமில்லை என்று அவளும் மூன்று முறை சொன்னாள். அவர் மூன்று முறையும் தலையாட்டினார். பிறகு வீடு விற்கிற ஏஜென்டுக்குப் போன் எடுத்தார்.

சுன்னாகத்தில் அவள் நட்ட முருங்கை பூக்குமுன் சண்டைக்குப் பயந்து ஓடினார்கள். கிளிநொச்சியில் வெண்டி பிஞ்சு வைத்த கிழமை ஓடினார்கள். மொன்றியலில் தக்காளி சிவக்குமுன் வீட்டுக்காரன் எழும்பச் சொன்னான். இந்த வீட்டில் பன்னிரண்டு வருடம். அதில் பத்து வருடம் இரண்டு வேலை. முற்றத்தைப் பார்த்தது பஸ் பிடிக்க ஓடும்போது மட்டும்.

தான் நட்ட இடத்தில் இருந்து அவள் ஒரு பூ பறித்ததில்லை.

அந்தக் கோபம் அவளுக்கு இன்னும் ஆறவில்லை.

மிதித்தாள். குதிகால், உள்ளங்கால், பெருவிரல். திரும்பி அடுத்த வரிசை. பாதம் மரத்துப்போனது. போகட்டும் என்று மிதித்தாள்.

கடைசி மூலையில் நிற்கும்போது ஏஜென்ட் ரூபனின் கார் வந்து நின்றது. பின் சீற்றிலிருந்து கம்பையும் பலகையையும் இழுத்து எடுத்தான். விற்பனைக்கு. எழுத்துக்குப் பக்கத்தில் அவனுடைய சிரித்த முகம். வீடு சந்தைக்குப் போவது வசந்தத்தில்தான். ஆனாலும் நிலம் பனியில் இறுகுமுன் கம்பை இறக்கிவிடவேண்டும். பிறகு இரும்பு அலவாங்கு போட்டுக் குத்தினாலும் இறங்காது.

"அன்ரி, நடுவில இறக்கட்டே?"

"அங்கிளைக் கேளும் தம்பி."

சொல்லிவிட்டுப் படியில் ஏறி உட்கார்ந்தாள். துவாயை எடுத்துக் காலைத் துடைக்கத் தொடங்கினாள்.

ரூபன் முற்றத்தைப் பார்த்தான். வெறும் மண். பளபளக்கும் கறுப்புச் சப்பாத்துக் காலைத் தூக்கினான்.

"டேய் தம்பி, விதைச்ச நிலமடா!"

தில்லைநாதன் வாசலுக்கே வந்துவிட்டார். தேத்தண்ணி சட்டையெல்லாம் சிந்தியிருந்தது. கத்தியது தான்தானா என்று அவருக்கே திகைப்பு. தோட்டக்காரனுக்குப் பிறந்தவன், விதைத்த மண்ணில் சப்பாத்து ஏறுவதைப் பார்த்துக்கொண்டு நிற்பானா? அறுபத்தெட்டு வயதிலும் நிற்கமாட்டான்.

ரூபன் கொஞ்சநேரம் ஒற்றைக் காலில் நின்றான். பிறகு காலைப் பின்னால் வைத்தான்.

"அப்ப முளைச்ச பிறகு, வசந்தத்தில, ஒரு ஓரமா இறக்குவமே அங்கிள்?"

தில்லைநாதன் சட்டையில் சிந்திய தேத்தண்ணியைத் தட்டிவிட்டார்.

யோகமலர் நிமிரவில்லை. துடைத்த விரலையே திரும்பத் திரும்பத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"பூத்த பிறகு பாப்பம். அது முதல் வருசம் வெறும் இலைதானாம்," என்றார் தில்லைநாதன். "பூக்கிறது அடுத்த வருசமாம். பக்கற்றில எழுதிக் கிடக்கு."

அவள் கை நின்றது.

அந்தப் பக்கற்றை அவள் அவருக்குக் காட்டியதே இல்லை. அரிசி வாளிக்குள், அரிசிக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தாள்.