பூட்டிக்கொண்ட கல்யாணப் படங்கள்

அன்று எங்கள் போட்டோ ஸ்டுடியோவில் இருந்தவர்கள் நான், என் மகன் நயினார், மருமகள் கோமதி, மணப்பெண்ணின் தந்தை ஆவுடையப்பன். கணினியில் புகுந்த வைரஸ் எல்லாக் கல்யாணப் படங்களையும் திறக்க முடியாதபடி பூட்டியிருந்தது.

"அண்ணாச்சி, போய்ச் சேர்ந்த எம் பொண்டாட்டியோட கடைசிப் படம் அதுலதான இருக்கு?" என்றார் ஆவுடையப்பன்.

போன மாதம் கோமதி, "மாமா, ஆல்பம் போட இலவச மென்பொருளே இருக்கு. சட்டப்படியானது" என்றாள்.

"மூணு தலைமுறை ஸ்டுடியோவுல ஓசிச் சரக்கா?" என்று சிரித்தேன். பெரிய கம்பெனி மென்பொருளின் திருட்டு நகலை நான் சொல்லித்தான் நயினார் கொண்டுவந்தான். கோமதி வேண்டாமென்றாள். நிறுவும்போது அது வைரஸ் தடுப்பை அணைக்கச் சொன்னது, அணைத்தோம்; அந்த வழியாகத்தான் வைரஸ் புகுந்தது.

மருமகள் கைபட்டுத்தான் படங்கள் போயின என்று ஊரில் பேசுகிறார்கள். அது பொய். அவள் வேண்டாமென்றாள், போடச் சொன்னவன் நான்.