விட்டலனுக்குக் கால் வலி

"என்னது, கேட்கலையா?"

பண்டரிபுரம் கோயில் வாசலிலேயே ஹௌசாபாய் பிடித்துக்கொண்டாள். நாத்தனார் வாயில் விழுந்தால் ஊரே தப்பாது, தம்பி பெண்டாட்டி பாரு எம்மாத்திரம்?

"மறந்துட்டேன் அண்ணி."

"இருபது மணி நேரம் வரிசையில நின்னு, விட்டலன் காலையும் தொட்டுட்டு மறந்துட்டியா? என் தம்பி வாதம் வந்து ஒரு வருஷமா படுத்த படுக்கையா கிடக்கான். அவனை நடக்க வைன்னு கேட்க உனக்கு வாய் வரலையா?"

பாருவுக்குச் சுருக்கென்றது. படுக்கைப்புண் வந்துவிடக் கூடாதென்று இரண்டு மணி நேரத்துக்கொரு தரம் புருஷனைப் புரட்டிப் படுக்கவைப்பவள் அவள்தான். கண்ணோடு கண் மூடி ஒரு வருஷமாகிறது. வரமாட்டேன் என்றவளை, அவனை மகன் பொறுப்பில் விடச் சொல்லி, தரதரவென்று இழுத்து வந்ததும் இந்த அண்ணிதான்.

"சரி, காலில தலைய வச்சு என்னதான் சொன்னே?"

"ஆஷாடத் திருவிழா முடியற வரைக்கும் சாமி தூங்கக் கூடாதுன்னு கட்டிலையே எடுத்துடுறாங்களே... ராப்பகலா நிக்கிறியே, கால் வலிக்கலையாப்பான்னு கேட்டேன். அதுக்குள்ள தள்ளிவிட்டுட்டாங்க."

"நல்லாருக்குடி! சாமியை நலம் விசாரிச்சுட்டு வந்திருக்கா!" ஹௌசா தலையில் அடித்துக்கொண்டாள். "தம்பிக்கு நீ கேட்பேன்னு நம்பித்தானே நான் வேற ஒண்ணைக் கேட்டேன்! இப்ப அவனுக்குன்னு கேட்க ஆளே இல்லாமப் போச்சே!"

"நாம கேட்டாத்தான் விட்டலனுக்குத் தெரியுமா அண்ணி? எல்லாம் அவன் பார்த்துக்குவான்."

சொன்ன பிறகு பாருவுக்கே வியப்பாக இருந்தது. ஒரு வருஷமாக நெஞ்சை அழுத்திக்கொண்டிருந்தது எங்கே போயிற்று? தேடிப் பார்த்தாள், இல்லை. விட்டலனின் காலடியிலேயே இறக்கி வைத்துவிட்டு வந்திருக்கிறாள். நன்றியில் கண் நிறைந்தது.

இருவரும் சந்திரபாகை ஆற்று மணலில் போய் உட்கார்ந்தார்கள். நண்பகல் வெயிலிலும் ஜால்ராவும் மிருதங்கமும் காதைப் பிளந்தன. பாருவின் தலை தானாக அண்ணியின் தோளில் சாய்ந்தது.

"இவ்வளவு தூரம் வந்து, பஜனை நேரத்துல தூங்குறாளே, கர்மம்!" பக்கத்தில் யாரோ ஒருத்தி நொடித்தாள்.

கண் சொருகும் நேரத்தில் பாருவின் காதில் அண்ணியின் குரல் விழுந்தது.

"மெதுவாப் பேசு தாயே. நான் விட்டலன்கிட்ட கேட்டதே இவளுக்கு இந்தத் தூக்கத்தைத்தான்."