மாற்றுச் சாவி

எதிர் போர்ஷன் கதவில் அன்றும் வெளிப்பக்கம் பூட்டுத் தொங்கியது. ஜன்னல் கம்பியைப் பிடித்தபடி ஐந்து வயதுத் தென்றல் நின்றிருந்தாள். வீட்டுக்காரி கனகத்துக்கு வயிற்றெரிச்சலாக இருந்தது.

கேபிளில் இப்போதுதான் மதியப் படம் முடிந்திருந்தது. அதிலும் மாற்றாந்தாய் இப்படித்தான் பிள்ளையை உள்ளே போட்டுப் பூட்டுவாள். கடைசியில் பெற்றவள் ஓடி வந்து மீட்டுப்போவாள். கனகம் மூக்கைச் சிந்திச் சிந்தி முந்தானையே நனைந்துவிட்டது.

பள்ளிக்கூட லீவு விட்டதுமே தென்றலின் சித்தி மாரிசெல்வியிடம் சொல்லிப் பார்த்தாள். "எங்கிட்ட வுட்டுட்டு ஷிப்டுக்குப் போயேன்டி."

"யாரு எவருன்னு தெரியாத எடம்க்கா. பூட்டிட்டுப் போனாத்தான் எனக்கு உசுரு நிக்கும்" என்று முகத்தில் அடித்தாற்போல் சொன்னாள் அந்தத் தெற்கத்திப் பெண். பெற்றிருந்தால் இப்படி வாய் வருமா?

"கொஞ்சம் தண்ணி குடும்மா."

வாசலில் ஒருத்தி வெயிலில் வாடி நின்றாள். சொம்பை வாங்கிக்கொண்டே ஜன்னலைப் பார்த்தாள். "இன்னாம்மா, கொயந்தய பூட்டி வச்சிக்கீறாங்க?"

"தென்றலு தலயெயுத்து, வாச்சது சித்தி. அப்பங்காரன் தளவாய் ரெண்டாவதா கட்டிகினது. மொத பொண்டாட்டிய எங்க தொரத்துனானோ, பேச்செடுத்தாலே எயுந்து பூடறான்."

அவள் சொம்பைக் கீழே வைத்தாள். "அவன் தொரத்துனது என்னத்தாம்மா! தென்றலு... கண்ணு..." ஜன்னலில் தலையை முட்டிக்கொண்டு அழுதாள்.

கனகத்துக்கும் கண் நிறைந்துவிட்டது. ஓடிப்போய் மாற்றுச் சாவியை எடுத்து வந்து திறந்தாள்.

தென்றல் மிரண்டு சுவரோடு ஒட்டிக்கொண்டாள். "யாரு அத்த இவங்க?"

"உன்ன பெத்தவடி. கைக்கொயந்தயா வுட்டது, உனுக்கு எங்க தெரியும்?"

அழுத பிள்ளையைக் கனகமே தூக்கிக் கொடுத்தாள். சுங்குவார்சத்திரம் பஸ் ஸ்டாப் பக்கம் அவர்கள் திரும்பும்வரை பார்த்துக்கொண்டு நின்றாள். படத்தைத் தன் கையாலேயே முடித்துவைத்த நிறைவு அவளுக்கு.

கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கிய மாரிசெல்வி, கதவு திறந்து கிடப்பதைப் பார்த்ததும் ஓட்டமாக வந்தாள். "தென்றலு! ஏ தென்றலு!"

"இன்னாத்துக்குக் கத்தற? பெத்தவ வந்தா, குடுத்தனுப்பிட்டேன். இனிமே யாரப் பூட்டி வைப்ப?" கனகம் இடுப்பில் கைவைத்துக்கொண்டு நின்றாள்.

மாரிசெல்வி படியிலேயே சரிந்து உட்கார்ந்தாள்.

"அவளப் பெத்த அன்னைக்கே எங்க அக்கா செத்துப் போயிட்டாளே!"