கேள்வி கேட்ட கிமியே

"ஏம்மா, வெளியிலேர்ந்து பார்த்தா அஞ்சு அடுக்குதான் தெரியுது. உள்ளே ஆறு மாடிங்கிறாங்களே, ஒரு மாடியை யாரு தூக்கிட்டுப் போனது?"

சுற்றுலா பஸ் மட்ஸுமோட்டோ ஸ்டேஷனை விட்டுக் கிளம்பி அரை மணி நேரம்கூட ஆகவில்லை. அதற்குள் இது அந்த அம்மாளின் மூன்றாவது கேள்வி.

நாலைந்து பேர் சிரித்தார்கள். கறுப்புக் கோட்டையைக் காட்டியபடி மைக்கோடு நின்ற வழிகாட்டிப் பெண்ணுக்கு முகம் சிவந்துவிட்டது. ஆனால் பதில் வந்தது. வெளியே தெரியாமல் ஜன்னலே இல்லாத ஒரு மாடி உள்ளே இருக்கிறது என்று மளமளவென்று சொல்லி முடித்தாள்.

அந்த அம்மாளுக்குப் பக்கத்து இருக்கையில் இருந்த ஷிராய்க்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஸ்டேஷன் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவர் அவர். சீருடையில் இருப்பவர்களிடம் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்று தன்னைவிடத் தெரிந்தவர் எவரும் இல்லை என்பது அவர் பெருமை.

அந்தப் பெண்ணின் பெயர் மினோரி. தனியாக ஒரு பஸ்ஸை நடத்துவது இன்றுதான் முதல் தடவை என்று கிளம்பும்போதே குனிந்து வணங்கிச் சொல்லியிருந்தாள். முன் இருக்கையில் மேற்பார்வையாளர் மதிப்பெண் தாளோடு உட்கார்ந்திருந்தார். இன்று தேறாவிட்டால் பழையபடி டிக்கெட் கவுண்டர்தான் என்று டிரைவர் யாரிடமோ சொன்னது ஷிராயின் காதில் விழுந்திருந்தது.

இந்த அம்மாளோ உள்ளூர்க்காரி. பெயர் கிமியே. ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் சாப்பாட்டுப் பெட்டி விற்கும் கடையில் சமையல் வேலையாம். தினம் பார்க்கிற கோட்டையைப் பற்றி இவருக்கு என்ன சந்தேகம் வேண்டிக் கிடக்கிறது?

பஸ் மலை ஏறத் தொடங்கியது. கீழே அஸுஸா ஆறு பச்சையாக ஓடியது. மினோரி மூச்சு விட ஒரு கணம் நிறுத்தினால் போதும், கிமியே புகுந்துவிடுவார். அணை எவ்வளவு உயரம்? குரங்கு பஸ்ஸுக்குள் வருமா? அந்தப் பெண்ணும் சளைக்காமல் சொல்லிக்கொண்டே வந்தாள்.

சுரங்கப் பாதைக்குள் நுழைந்ததும் ஷிராய் திரும்பினார்.

"அம்மா, அந்தப் பொண்ணுக்கு இன்னிக்குப் பரீட்சை. உங்க வேடிக்கைக்கு அவதான் கிடைச்சாளா? இன்னொரு தடவை வாயைத் திறந்தீங்கன்னா மேற்பார்வையாளர்கிட்ட சொல்லவேண்டி வரும்."

பின் இருக்கையில் ஒருவர், சரியாகச் சொன்னீர்கள் என்பதுபோலத் தலையாட்டினார். கிமியே கையை மடியில் வைத்துக்கொண்டார். ஷிராய் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

சுரங்கம் முடிந்தது. பள்ளத்தாக்கு திறந்துகொண்டது. எரிமலையின் காலடியில் கண்ணாடிபோல் குளம். அதன் நடுவே பட்டுப்போன மரங்கள்.

"இடது பக்கம் நீங்கள் பார்ப்பது டைஷோ குளம். இது..."

மினோரி நின்றுவிட்டாள்.

உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. யாரோ இருமினார்கள். மேற்பார்வையாளரின் பென்சில் தாளில் இறங்கியது. சொல்லும்மா, சொல்லும்மா என்று ஷிராய் மனசுக்குள் துடித்தார்.

கிமியே ஷிராயை ஒரு பார்வை பார்த்தார். பிறகு எழுந்தே நின்றுவிட்டார்.

"ஏம்மா, தண்ணிக்கு நடுவுல பட்ட மரமா நிக்குதே, அதைப் பிடுங்கிப்போட ஊர்ல ஆளா இல்லை?"

மினோரி மூச்சை இழுத்தாள். "பிடுங்க மாட்டோம்மா. அதெல்லாம் ஒரு காலத்துல இங்கே இருந்த காடு" என்று ஆரம்பித்தாள்.

நூறு வருஷத்துக்கு முன்னால் எரிமலை வெடித்ததும், சேறு வந்து ஆற்றை மறித்ததும், காடு குளமானதும் வரிசையாக வந்தன. அங்கிருந்து பனி மூடிய ஹோதகா சிகரங்களுக்குத் தாவினாள். அப்புறம் யாரும் எதுவும் கேட்க வேண்டியிருக்கவில்லை. பஸ் நின்றபோது எல்லோரும் கை தட்டினார்கள். மேற்பார்வையாளர் தாளை மடித்துவிட்டு, அடுத்த ஞாயிற்றுக்கிழமை பஸ்ஸும் உன்னுடையதுதான் என்றார்.

கீழே இறங்கியதும் ஷிராய் கிமியேயைத் தேடிப் போய் இடுப்பு வரை குனிந்தார்.

"தப்பாப் பேசிட்டேன், மன்னிச்சுக்குங்க. அவ பேச்சு தடுமாறி நிக்கிறப்பதான் நீங்க கேட்டிருக்கீங்க. உங்க பொண்ணா?"

"இல்லைங்க. பக்கத்து வீடு. அவ குடிவந்து மூணு மாசம் ஆகுது. நான் விடியறதுக்குள்ள கடைக்குப் போயிடுவேன், அவ என் மூஞ்சியைப் பார்த்ததே இல்லை. நடுவுல மெல்லிசா ஒரு சுவர். சாயங்காலமானா அவ பாடம் பூராவும் என் காதுக்கு வந்துடும். தானாச் சொன்னா நடுவுல நின்னுடுவா. சிநேகிதி வந்து கேள்வியாக் கேட்டா கடகடன்னு சொல்லுவா."

பாலத்தின் மேல் மினோரி பயணிகளோடு படம் எடுத்துக்கொண்டிருந்தாள். கிமியே அவளைப் பார்த்துக்கொண்டே நின்றார். பள்ளிக்கூடத்தில் முதல் பரிசு வாங்கிய பிள்ளையைப் பார்க்கிற முகம்.

"பக்கத்து வீட்டுக்காரின்னு ஒரு வார்த்தை சொல்லலாமே" என்றார் ஷிராய். "சந்தோஷப்படுவா."

கிமியே தலையை ஆட்டி மறுத்தார்.

"வேண்டாங்க. முதல் வாரமே சத்தம் பொறுக்காம சுவர்ல ஓங்கித் தட்டி, உனக்கெல்லாம் எதுக்கு இந்த வேலைன்னு கத்தினவ நான்தான். அதுக்கு முன்னால அவ பாடத்துல ஒரு இடத்துலயும் நின்னதே இல்லைங்க."