இங்கேயே காத்திருக்கவும்

தொண்டையில் அறுவை சிகிச்சை நடந்த பிறகு எஸ்தருக்குப் பேச்சு போய்விட்டது. அவள் தட்டுவதை வாய்விட்டுச் சொல்ல ஃபோனில் ஒரு குரலை ஏற்றிக் கொடுத்தான் ஆஸ்பத்திரிப் பையன்.

"பஸ், லிஃப்ட், ஏடிஎம் எல்லாத்துலயும் இதே குரல்தான் ஓடுதுக்கா. உங்களுக்குன்னு தனிக் குரல் வேணும்னா ரொம்ப நாளாகும்."

பேசினால் போதும் என்று எஸ்தர் தலையாட்டினாள். அப்போது மகள் ஜெனி கைக்குழந்தை. அம்மா என்றால் அவளுக்கு அந்தக் குரல்தான்.

நான்கு வருடம் கழித்து, கிறிஸ்துமஸ் கூட்டத்தில் பிதுங்கிய ஜவுளிக்கடையில் ஜெனி காணாமல் போனாள். எஸ்தர் மாடி மாடியாக ஓடினாள். ஃபோனின் சத்தத்தைக் கூட்டி, "ஜெனி, அம்மாட்ட வா" என்று திரும்பத் திரும்ப ஒலிக்க விட்டாள். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. கடை முழுக்க அதே குரல் தள்ளுபடி விலையை அறிவித்துக்கொண்டிருந்தது.

கீழ்த்தளத்தில், லிஃப்ட் வாசலில் சுவரோடு ஒட்டி நின்றிருந்தாள் ஜெனி. அழுத சுவடே இல்லை.

எஸ்தர் அவளை வாரி அணைத்தாள். பிறகு ஃபோனில் தட்டினாள். "கூப்பிடக் கூப்பிட ஏன்டி வரல?"

"நீதானம்மா இங்கயே நிக்கச் சொன்ன."

எஸ்தருக்கு ஒன்றும் விளங்கவில்லை. அதற்குள் லிஃப்ட் கதவு திறந்தது.

"லிஃப்ட் நிறைந்துவிட்டது. தயவுசெய்து இங்கேயே காத்திருக்கவும்."

ஜெனி சமத்தாகச் சுவரோடு ஒட்டிக்கொண்டாள்.

அது அம்மா இல்லை என்று சொல்ல எஸ்தரின் விரல் எழுந்தது. அதையும் அந்தக் குரலில்தான் சொல்லியாக வேண்டும்.