தீவுக்கு வந்த கப்பல்

திரையில் தாடிக்காரன் ஒருவன் ஆளில்லாத தீவில் தனியாக உட்கார்ந்து மீன் சுட்டுத் தின்றுகொண்டிருந்தான். அதைப் பார்த்து வீரலட்சுமி விட்ட பெருமூச்சு, பக்கத்து சீட்டில் இருந்த அவள் புருஷன் சக்தியின் நெஞ்சைப் பிசைந்தது.

ஏதோ பழைய இங்கிலீஷ் நாவலாம், கப்பல் உடைந்து தீவில் ஒதுங்கியவன் கதை. அதைப் படமாக்கித் தமிழில் பேசவிட்டிருந்தார்கள். கல்யாணமாகி விருதுநகரிலிருந்து ஓசூருக்குக் கூட்டிவந்த பிறகு அவளை சினிமாவுக்கு அழைத்துவந்தது இதுதான் முதல் தடவை. அதுவும் இந்தப் படமா வாய்க்க வேண்டும்?

தாடிக்காரன் ஒரு நண்டைப் பிடித்து வைத்துக்கொண்டு பேச ஆரம்பித்தான்.

"நண்டு திருப்பிப் பேசாதுல்ல," என்றாள் வீரலட்சுமி, கண்ணை எடுக்காமல்.

சக்திக்குச் சுருக்கென்றது. ஓசூரை ஒட்டிய ஜூஜுவாடியில் ஒற்றை அறை வீடு. இந்தப் பக்கத்து வீட்டில் கன்னடம், அந்தப் பக்கத்து வீட்டில் தெலுங்கு. இவளுக்கு இரண்டும் தெரியாது. கம்பெனி வேலைக்கு வந்த அவன் தம்பிகள் மூன்று பேர் கூடவே இருந்தாலும் ஆளுக்கொரு ஷிப்ட். ஒருவன் கிளம்பினால் இன்னொருவன் வந்து போர்த்திக்கொண்டு படுத்துவிடுவான். அவர்கள் தூக்கம் கெடாமல் டி.வி.யைக்கூட சத்தத்தை அணைத்து ஊமைப்படமாகத்தான் பார்ப்பாள்.

பேச்சுத் துணைக்கு ஒரு ஜீவன் இல்லை. கண்காணாத இடத்தில் கொண்டுவந்து தள்ளிவிட்டோமே, நாமெல்லாம் ஒரு புருஷனா என்று தன்னையே திட்டிக்கொண்டான்.

இடைவேளையில் அவள் கையில் முறுக்கைக் கொடுத்துவிட்டு, வெளியே வந்து செல்போனில் ஊருக்குப் பேசினான்.

"அம்மா, அவ தனியாக் கெடந்து வாடுறா. நீயும் அக்காவும் புள்ளைகளக் கூட்டிக்கிட்டு சாயங்கால பஸ்ஸுக்கே கெளம்பி வந்துருங்க. இனிமே எங்ககூடவே இருங்க."

"கூறுகெட்டவனே, இத மொதல்லயே சொல்றதுக்கென்ன? இந்தா, துணிய எடுத்து வைக்கிறோம்."

திரும்பி வந்து உட்கார்ந்தபோது பாரம் கொஞ்சம் இறங்கியிருந்தது.

கடைசியில் தீவைத் தேடி ஒரு கப்பல் வந்தது. தியேட்டரே விசிலடித்தது. வீரலட்சுமி மட்டும் முந்தானையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதாள்.

வெளியே வெயிலுக்கு வந்தும் அவள் கண் காயவில்லை. சக்தியால் தாங்க முடியவில்லை.

"தப்பு என் பேர்லதான், லட்சுமி. ஒன்னைய இத்தன நாளு தனியா விட்டுட்டேன். அம்மா, அக்கா, புள்ளைக எல்லாரும் கெளம்பி வர்றாங்க. காலைல நம்ம வீட்டுல இருப்பாங்க. இனிமே போக மாட்டாங்க."

அவள் அப்படியே நின்றுவிட்டாள். மறுபடியும் கண் நிறைந்தது.

"இன்னும் ஏன் அழுகுற? அந்த ஆளு தனியாக் கெடந்ததையே நெனச்சுக்கிட்டிருக்கியா?"

"இல்லைங்க. நிம்மதியா இருந்த ஆளத் தேடிக் கப்பல் வந்துருச்சேன்னுதான் அழுதேன்."